சொல்லாமல் போகிற வீடு

ஆலையின் பெரிய தொட்டிச் சுவரில் நிறைமதியின் முகம் மூன்று மாடி உயரத்துக்குத் தெரிந்தபோது, அவளைப் பெற்ற அஞ்சலாட்சி வேர்க்கடலை உரித்துக்கொண்டிருந்தாள். ஊர் மொத்தமும் மணலில் உட்கார்ந்து பார்த்தது. பொழுது அப்போதுதான் சாய்ந்திருந்தது. கடல் காற்று நன்றாக வீசியது, படமும் பளிச்சென்று இருந்தது. பள்ளிக்கூடத்துக் குரூப் போட்டோவிலிருந்து செத்துப்போன பிள்ளைகளின் முகங்களை மட்டும் ஒவ்வொன்றாகப் பெரிதாக்கிக் காட்டினார்கள். முகம் வரும்போது ஒலிபெருக்கியில் மங்களவல்லி டீச்சரின் குரல் பெயர் கூப்பிட்டது.

"நிறைமதி."

அதன்பின் மௌனம். பதில் வரவேண்டிய இடத்தைக் காலியாக விட்டிருந்தார்கள், படத்தின் சூட்சுமமே அதுதான். அந்த மௌனத்தைத் தாங்க முடியாமல் பெற்றவர்கள் எழுந்து ஆலைக் கதவை நோக்கி ஓடவேண்டும் என்பது படம் போட்டவளின் கணக்கு. நடந்தது வேறு. முன்னால் மணலில் உட்கார்ந்திருந்த, தப்பிப் பிழைத்த பிள்ளைகள், வகுப்பில் சொல்கிற பழக்கத்தில் ஒரே குரலாகச் சொன்னார்கள்.

"வரல டீச்சர்."

அடுத்த பெயர். "வரல டீச்சர்." அதற்கடுத்த பெயருக்கும் அதே. கடைசி முகம் அணையும்வரை பிள்ளைகள் அலுக்காமல் சொன்னார்கள், பெரியவர்கள் அலுக்காமல் கடலை தின்றார்கள்.

படம் போட்டவள் பெயர் ஜெனோவா. சென்னையிலிருந்து ஒரு பழைய வேனில் புரொஜெக்டர், ஒலிபெருக்கி, வயர் மூட்டைகளோடு வந்திருந்தாள். நாற்பதைத் தாண்டிய வயது, காதை மூடிய துணித் தொப்பி, அதிர்ந்து பேசாத குரல். அவள் செய்கிற வேலையை ஓவியம் என்பதா, நாடகம் என்பதா, வம்பு என்பதா என்று பத்திரிகைக்காரர்களுக்கே குழப்பம். சாக்கடைக்குள் இறங்கிச் செத்தவர்களின் கடைசி மூச்சைக் கணினியில் உண்டாக்கி, நீதிமன்றச் சுவரில் ஒரு பகல் முழுக்க ஓடவிட்டுக் கைதானாள். பணக்காரர்கள் கல்யாணம் செய்கிற ஓட்டலின் குளிர்சாதனக் குழாய்க்குள் குப்பைமேட்டு வாடையை அனுப்பிக் கைதானாள். போன இடமெல்லாம் அவளுக்குக் கல்லடி, சொல்லடி, குறைந்தபட்சம் ஒரு போலீஸ் ஜீப்பாவது கிடைக்கும். இந்த நண்டோடை ஊரில் மட்டும் ஆலைக் காவலாளிகளே ஓடிவந்து அவளுக்கு நாற்காலி போட்டார்கள், டீ கொடுத்தார்கள். சுவரில் ஆணி அடிக்க ஏணி வேண்டுமா என்று கேட்டார்கள்.

அஞ்சலாட்சி கடலைத்தோலை முந்தானையிலிருந்து உதறிவிட்டு அவளிடம் போனாள்.

"படம் நல்லா இருந்துச்சு மேடம். எம் பொண்ணு மொகம்தான் கொஞ்சம் இழுத்த மாதிரி ஆயிடுச்சு. தொட்டி வளைவா இருக்குதுல்ல, அதனால இருக்கும்."

ஜெனோவா அவளையே பார்த்தாள். "எது உங்க பொண்ணு?"

"நிறைமதி. ரெண்டாவதா வந்துச்சே, ரெட்டை ஜடை. சரி, வரேன் மேடம்."

*

நடந்தது இதுதான். போன ஆடியில் ஒரு மதியம், பள்ளிக்கூடத்தில் சாப்பாட்டு மணி அடிக்கிற நேரத்தில் ஆலையில் ஒரு குழாய் வெடித்து விஷவாயு கசிந்தது. காற்று பள்ளிக்கூடத்துப் பக்கம் அடித்தது. கிழக்குப் பக்க வகுப்புகளில் இருந்த பிள்ளைகள் சாப்பாட்டு டப்பாவைத் திறந்தபடியே விழுந்தார்கள்.

சாலை போடவும் குடிநீர் விடவும் நண்டோடைக்கு வர நேரம் கிடைக்காத அரசாங்கம், இதற்கு மட்டும் காற்றாய்ப் பறந்து வந்தது. பிள்ளைகளுக்குப் பால் தெளித்துவிட்டுத் திரும்பியவர்களை அப்படியே வரிசையில் நிறுத்தித் தணிப்பு முகாம் நடத்தினார்கள். காதுக்குப் பின்னால், எலும்பின் மேல், ஸ்டிக்கர் பொட்டு அளவில் ஒரு வில்லை. ஒட்டி அழுத்தினால் கொஞ்சம் சூடாகும், அவ்வளவுதான் தெரியும். நடந்தது எல்லாம் நினைவில் இருக்கும், வலி மட்டும் இருக்காது. போருக்குப் போய் வந்தவர்களுக்காகக் கண்டுபிடித்ததாம். பிறகு வெள்ளம், தீ, ரயில் விபத்து என்று எங்கே சாவு விழுந்தாலும் ஆம்புலன்ஸுக்குப் பின்னாலேயே தணிப்பு வண்டியும் போகத் தொடங்கியது.

ஊரில் யாரும் வேண்டாம் என்று சொல்லவில்லை. சொல்லியிருக்கவும் முடியாது. தலையைச் சுவரில் மோதிக்கொண்டிருந்த அஞ்சலாட்சியை இரண்டு பேர் பிடித்துக்கொள்ள, மூன்றாவது ஆள் ஒட்டினார். சற்று நேரத்தில் அவள் எழுந்து, கலைந்த முடியை முடிந்துகொண்டு, யாராவது சாப்பிட்டீர்களா என்று கேட்டாள். அந்த வாரமே படகுகள் கடலுக்குப் போயின. நண்டு உடைக்கும் கூடத்துக்கு அவளும் வேலைக்குத் திரும்பிவிட்டாள். கணவன் கலிவரதனை அதுவரை 'நிறைமதியப்பா' என்று கூப்பிட்டுக்கொண்டிருந்தவள், இளையவன் பெயரை வைத்து 'பரிதியப்பா' என்று மாற்றிக்கொண்டாள். நாக்கு ஒருமுறைகூடத் தடுக்கவில்லை.

படம் போட்ட மறுநாள் காலை ஜெனோவா வீட்டுக்கே வந்துவிட்டாள். அஞ்சலாட்சி பாய் விரித்து உட்காரவைத்தாள். ஐந்து வயதுப் பரிதி ஒரு ஊதாநிறப் பள்ளிப் பையை முதுகில் மாட்டிக்கொண்டு அறைக்குள் சுற்றிச் சுற்றி வந்தான்.

"யார் பை அது?" என்றாள் ஜெனோவா.

"அவங்கக்காது. ஜிப்பு கூட போகல. எதுக்கு வீணாக்கணும்? வர்ற ஜூன்ல இவன் ஒண்ணாங்கிளாஸ் போறான்."

"எந்தப் பள்ளிக்கூடம்?"

"இதோ இங்கதான் மேடம். கிட்டக்க இருக்கு, வெயில் படாம போயிட்டு வந்துடலாம். கெழக்குப் பக்கம் ஜன்னலோரமா உக்கார வைக்கச் சொல்லிட்டு வந்திருக்கேன். காத்து நல்லா வரும்."

ஜெனோவா அதே அதிராத குரலில் கேட்டாள். "உங்களுக்குப் பயமா இல்லையா?"

கேட்டவளுக்கு மரியாதையாகப் பதில் சொல்லவேண்டுமே என்று அஞ்சலாட்சி உள்ளே நிஜமாகவே தேடிப்பார்த்தாள். பயம் இருந்த இடம் தெரிந்தது, அங்கே எதுவும் இல்லை.

"இல்லக்கா," என்றாள். மேடம் எப்போது அக்காவானாள் என்று இருவருமே கவனிக்கவில்லை.

"அந்த வில்லை துக்கத்த மட்டும் எடுக்காது அஞ்சலாட்சி. துக்கமும் பயமும் ஒரே வீட்டுல குடியிருக்கற ரெண்டு பேர் மாதிரி. ஒருத்தர வெளியில தள்ளிக் கதவப் பூட்டுனா இன்னொருத்தரும் உள்ள வர முடியாது. செத்த புள்ளைக்கு அழ முடியாதவங்களால, இருக்கற புள்ளைக்குப் பயப்படவும் முடியாது."

"நல்லதுதானே?"

"ஆலைக்கு நல்லது. வர்ற சனிக்கிழமை கருத்துக்கேட்புக் கூட்டம், தெரியுமில்ல? கலெக்டர் வர்றாரு. ஆலையத் திரும்பத் திறக்கறதுல யாருக்காவது ஆட்சேபம் உண்டான்னு கேப்பாரு. யாரும் வாயத் திறக்கலன்னா திறந்துடுவாங்க. குழாயெல்லாம் அதே குழாய்தான், நான் விசாரிச்சுட்டேன். பெயின்ட் மட்டும் புதுசு."

"தெறக்கட்டுமே. இவருக்கு அங்கதான் வேலை. இப்ப சும்மா தொட்டிக்குக் காவல் இருக்காரு."

பரிதி பையின் வாரைப் பிடித்து இழுத்தபடி அம்மாவின் மடியில் வந்து விழுந்தான். அவள் அவன் மூக்கைத் துடைத்துவிட்டாள்.

ஜெனோவா தன் திட்டத்தைச் சொன்னாள். கூட்டத்தில் அஞ்சலாட்சி வில்லையைக் கழற்றவேண்டும். அவள் நெஞ்சிலும் நெற்றியிலும் சின்னக் கருவிகளை ஒட்டி, இதயத் துடிப்பையும் மூச்சையும் கூடம் முழுக்கச் சத்தமாக, வெளிச்சமாக, சூடாக மாற்றிக் காட்டுவாள் ஜெனோவா. கலெக்டர் உட்கார்ந்திருக்கும் நாற்காலிகூட அதிரும். ஒரு தாயின் துக்கம் எவ்வளவு பெரியது என்று உட்கார்ந்திருக்கிற எவனும் தப்பிக்க முடியாமல் தெரிந்துகொள்வான்.

"ஆனா ரெண்டு விஷயம் சொல்லிடறேன். கழட்டினதும் உடனே வராது, ஒரு ரெண்டு மணி நேரம் ஆகும். வர்றது கொஞ்சம் கொஞ்சமாவும் வராது. இத்தன மாசம் அழாதது எல்லாம் மொத்தமா வரும். அதுக்கப்புறம் திரும்ப ஒட்டிக்கலாம்னா முடியாது. ஒரே துக்கத்துக்கு ரெண்டாவது தடவ அது புடிக்காது."

"சரிக்கா."

"என்ன சரி?"

"கழட்டறேன்."

இப்படி ஒரு பதிலுக்காக ஜெனோவா மற்ற ஊர்களில் மாதக்கணக்கில் கெஞ்சியிருக்கிறாள். இப்போது அவள் சந்தோஷப்படவில்லை. "யோசிச்சுச் சொல்லுங்க," என்றாள்.

"யோசிச்சுட்டேன். ஒண்ணும் தோணல."

ஜெனோவா எழுந்தாள். வாசலில் செருப்பை மாட்டிக்கொண்டு, திரும்பிப் பார்க்காமல் நடந்தாள்.

"அக்கா, சொல்லாம போறீங்களே," என்றாள் அஞ்சலாட்சி. ஊரில் எல்லாரும் இப்போது எல்லா வீட்டிலும் சொல்லிக்கொண்டுதான் போனார்கள்.

"துக்க வீட்டுல வரேன்னு சொல்லிட்டுப் போகக் கூடாதுன்னு எங்கம்மா சொல்லும்."

"இது துக்க வீடு இல்லியே. வேலை வெட்டிக்குப் போயிட்டுத்தானே இருக்கோம்."

ஜெனோவா வேனில் ஏறினாள். வேன் கிளம்பிப் போன பிறகும் பரிதி பையை முதுகிலிருந்து இறக்கவில்லை.

*

கலிவரதனிடம் சாப்பிடும்போது சொன்னாள். அவன் மீன்முள்ளை ஓரமாக வைத்தான்.

"ஒனக்கு எது தோதோ அப்படிச் செய். சனிக்கெழமயா? எனக்கு அன்னிக்குப் பகல் ஷிப்ட் ஆச்சே. மாத்திக்கணும்."

"குழம்புல உப்பு இருக்குதா?"

"இருக்கும்," என்றான் அவன்.

அந்த வீட்டில் சண்டை நின்று பல மாதம் ஆகியிருந்தது. சிரிப்பும்தான். காதுக்குப் பின்னால் ஒட்டிய வரம் ஒன்றுக்கு இரண்டாக வேலை செய்தது.

வியாழக்கிழமை அவள் பையைத் துவைக்க எடுத்தாள். உள்ளறைக்குள் கைவிட்டபோது ஒரு ஹேர்பின்னும் பாதி ரப்பரும் வந்தன. சாப்பாட்டு டப்பா ஏற்கெனவே அடுக்களையில் இருந்தது. போலீஸ்காரர் பையைத் திருப்பிக்கொடுத்த அன்று அந்த டப்பாவுக்குள் புளிசாதம் அப்படியே இருந்தது, பூஞ்சை பிடித்து. அவள் அதைக் கொட்டிவிட்டு, வாடை போகும்வரை மூன்று முறை தேய்த்துக் கவிழ்த்துவைத்தாள். அன்றைக்கு அவளுக்கு இருந்த கவலை வாடை ஒன்றுதான். இது அவளுக்குத் தெளிவாக ஞாபகம் இருந்தது. இதை நினைத்தால் ஏதோ ஆகவேண்டும் என்பதும் தெரிந்தது, ஆனால் ஒன்றும் ஆகவில்லை.

அப்போதுதான் அவளுக்குப் பழைய அஞ்சலாட்சியின் ஞாபகம் வந்தது. அவள் ஒரு பெரிய பயந்தாங்கொள்ளி. இடி இடித்தால் நண்டுக்கூடத்திலிருந்து பாதி வேலையில் ஓடிப்போய்ப் பள்ளிக்கூட வாசலில் நிற்பாள். ஒன்பது வயதுப் பெண்ணை ரோட்டைக் கடக்கும்போது இடுப்பில் தூக்கப் பார்ப்பாள், நிறைமதி வெட்கத்தில் திமிறுவாள். ஊரே கேலி செய்யும். அந்தப் பயந்தாங்கொள்ளி பெற்ற பிள்ளைதான் பரிதியும். அவளைக் கேட்காமல் அவனைக் கிழக்கு ஜன்னலோரத்தில் உட்காரவைப்பது, அடுத்த வீட்டு அண்டாவைச் சொல்லாமல் எடுத்துவருவது மாதிரி. முறையில்லை.

பாசத்தில் தோன்றியது இல்லை இது. ஒரு நியாயம், அவ்வளவுதான். நியாயத்தை யோசிப்பதற்கு அந்த வில்லை தடையாக இல்லை.

வெள்ளிக்கிழமை ஜெனோவா வந்தாள். இந்த முறை உட்காரவில்லை. வீட்டுக்குள் வெயில் இல்லாவிட்டாலும் தொப்பியைக் கழற்றவில்லை.

"வேணாம் அஞ்சலாட்சி. நீங்க கழட்ட வேணாம். பழைய படத்தையே கூட்டத்துல போட்டுக்கறேன்."

"ஏங்க்கா?"

"மரத்துப்போன கையக் காட்டி வெட்டவான்னு கேட்டா, வெட்டுன்னுதான் சொல்லும். அது சம்மதம் இல்ல. அத எடுத்துக்கிட்டா நான் திருடி."

"உங்களுக்குப் பாவமா இருக்குதா?"

ஜெனோவா யோசித்தாள். "தப்புன்னு தெரியுது," என்றாள். "அது போதும்."

"சரிக்கா," என்றாள் அஞ்சலாட்சி. அன்றைக்குச் சொன்ன அதே சரி. ஜெனோவா சொல்லிக்கொள்ளாமல் போனாள்.

*

சனிக்கிழமை காலை சோறு வடித்து, பரிதியைக் குளிப்பாட்டி, தலைவாரிவிட்ட பிறகு, அஞ்சலாட்சி கண்ணாடி முன் நின்றாள். முகாமில் சொல்லிக்கொடுத்தபடி வில்லையின் இரண்டு ஓரத்தையும் நகத்தால் அழுத்திப் பிடித்தாள். சூடு மெல்ல அடங்கியது. பிய்த்து எடுத்தாள். ஒன்றுமே ஆகவில்லை. சோப்பு டப்பாவுக்குள் போட்டு மூடிவைத்தாள்.

சமுதாய நலக்கூடத்தில் ஆலைக்காரர்கள் தடபுடலாக ஏற்பாடு செய்திருந்தார்கள். வாசலில் வாழைமரம் மட்டும்தான் இல்லை. ஒரு மேசை நிறையப் பிரியாணிப் பொட்டலங்கள் அடுக்கியிருந்தன. ஜெனோவாவின் படத்தைத் தடுப்பார்கள் என்று பார்த்தால், வரவேற்புரைக்கும் நன்றியுரைக்கும் நடுவில் 'கலை நிகழ்ச்சி' என்று நிகழ்ச்சி நிரலிலேயே சேர்த்துவிட்டார்கள். கூட்டம் சேர்க்க நல்லது என்று ஆலை அதிகாரி கலெக்டரிடம் விளக்கினார். கலெக்டர் வெளிமாநிலத்து இளைஞர், புத்தகத்தில் படித்த சுத்தமான தமிழ் பேசுபவர். பக்கத்தில் தாசில்தார் ஜெகவீரன் உட்கார்ந்திருந்தார். அவருக்குச் சொந்த ஊர் நண்டோடைக்கு அடுத்த ஊர்.

டீ கொடுத்தார்கள். ஒரு வாய் குடித்ததும் அஞ்சலாட்சி டம்ளரைப் பார்த்தாள். இனித்தது. இவ்வளவு நாள் டீயில் சர்க்கரை போட்டுத்தான் குடித்துக்கொண்டிருந்தோமா என்று ஆச்சரியமாக இருந்தது. ஆச்சரியப்பட்டதே ஆச்சரியமாக இருந்தது.

பிறகு பரிதி கண்ணில் பட்டான். கூடத்தின் மேடைப் படிக்கட்டில் ஏறி, கைப்பிடி இல்லாத ஓரத்தில் ஒற்றைக்காலில் நின்றுகொண்டிருந்தான். மூன்றே படிதான். அதற்கே அவள் எழுந்து ஓடிப்போய் அவனை வாரி எடுத்தாள். பயந்தாங்கொள்ளி முதலில் வந்துவிட்டாள்.

"இன்னா ஆச்சு?" என்றான் கலிவரதன்.

"புடிச்சுக்க. விட்டுடாத. கையப் புடிச்சுக்க."

விளக்கை அணைத்தார்கள். திரையில் முகங்கள் வந்தன. மங்களவல்லி டீச்சர் குரல் முதல் பெயரைக் கூப்பிட்டது. பிள்ளைகள் சொன்னார்கள். பிறகு இரட்டை ஜடை போட்ட முகம் வந்தது. இன்றைக்குத் திரை வளைவாக இல்லை, முகம் நேராக, அப்படியே அவளாக இருந்தது.

"நிறைமதி."

"வரல டீச்சர்."

"ஏன் வரல?" என்றாள் அஞ்சலாட்சி.

சத்தமாகக் கேட்கவில்லை. பிள்ளைகளிடம் ஒரு பெரியவள் கேட்கிற கேள்வியாகத்தான் கேட்டாள். முன்வரிசைப் பிள்ளைகள் திரும்பிப் பார்த்தார்கள்.

"காலையில கெளம்பிப் போனாளே. நான்தானே ஜடை போட்டு அனுப்பினேன். புளிசாதம் வேணாம்னு சொன்னா, நேரமாச்சு போடின்னு சொன்னேன். டப்பா அப்படியே திரும்பி வந்துச்சு. ஒரு வாய்கூடத் திங்கல எம் பொண்ணு. நான் அதக் கழுவி வச்சேன். நாத்தம் போகணும்னு கழுவி வச்சேன்."

அடுத்த பெயர் வந்தபோது பிள்ளைகள் யாரும் பதில் சொல்லவில்லை. அஞ்சலாட்சி நாற்காலியிலிருந்து சரிந்து தரையில் உட்கார்ந்தாள். அதன்பின் அவளிடமிருந்து வந்த சத்தம் அந்தக் கூடத்தில் பல மாதமாக எவரும் கேட்டிராதது. கருவி எதுவும் அவள் உடம்பில் ஒட்டியிருக்கவில்லை, எந்த நாற்காலியும் அதிரவில்லை. ஜெனோவா படத்தை நிறுத்தினாள். கூட்டத்தைப் பதிவுசெய்துகொண்டிருந்த காமிராவின் முகத்தையும் கையால் மூடி அணைத்தாள்.

கலெக்டர் எழுந்து நின்றார். என்ன செய்வது என்று தெரியாதவர்கள் விதிமுறையைப் பிடித்துக்கொள்வார்கள். அவரும் பிடித்துக்கொண்டார்.

"அம்மா, உங்களுக்கு ஆட்சேபம் இருந்தால் ஒலிவாங்கியில் சொல்லுங்கள்."

மைக்கைத் தரைக்குக் கொண்டுவந்து பிடித்தார்கள். அவள் மூச்சைச் சேர்த்துக்கொள்ள நேரம் ஆயிற்று.

"இன்னொருத்தன் இருக்கான். அவன அனுப்ப மாட்டேன்," என்றாள். "அந்தக் கொழா பக்கத்துல எம் புள்ளைய அனுப்ப மாட்டேன்."

"வேறு யாருக்கும் ஆட்சேபம் உண்டா?"

யாரும் கை தூக்கவில்லை. யாருக்கும் எதுவும் வலிக்கவில்லை. அவர்கள் தரையில் கிடப்பவளைப் பார்த்தார்கள், அவள் அழுகிறாள் என்பது அவர்களுக்குத் தெரிந்தது. கலெக்டர் கொஞ்ச நேரம் காத்திருந்தார்.

"சரி. ஓர் ஆட்சேபம் பதிவாகிறது. கூட்டம் நிறைவு பெற்றது. எல்லோரும் உணவருந்திவிட்டுச் செல்லுங்கள்."

பொட்டலத்தைத் திறந்து வைத்திருந்ததில் வாசனை கூடம் முழுக்க இருந்தது. நாற்காலிகள் நகரும் சத்தம் கேட்டது. முதலில் எழுந்தவள் பக்கத்து வீட்டுத் தனக்கோட்டி. நண்டுக்கூடத்தில் பக்கத்தில் உட்கார்ந்து உடைப்பவள், தினமும் சாயந்திரம் 'வரேன் அஞ்சல' என்று சொல்லிவிட்டுப் போகிறவள். அவளும் தன் மகனை ஆடியில் இழந்தவள்தான். மேசைப் பக்கம் இரண்டு எட்டு வைத்தவள் நின்றாள். திரும்பி அஞ்சலாட்சியிடம் வந்தாள். வழக்கமானதைச் சொல்ல வாய் திறந்தாள், பிறகு மூடிக்கொண்டாள். ஏன் என்று கேட்டால் அவளுக்கே சொல்லத் தெரிந்திருக்காது. கொஞ்ச நேரம் தலைகுனிந்து நின்றுவிட்டு வாசலைப் பார்த்து நடந்தாள்.

அவளுக்குப் பின்னால் அடுத்தவர் வந்தார். நின்றார், போனார். பிறகு வரிசையாக வந்தார்கள். கண்ணில் ஒரு சொட்டு இல்லை, முகத்தில் ஒரு சுருக்கம் இல்லை. ஒருவரும் ஒரு வார்த்தை பேசவில்லை. ஒருவரும் பொட்டலத்தைத் தொடவில்லை. பிள்ளைகள் கைநீட்டியபோது பெரியவர்கள் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு போனார்கள்.

ஆலை அதிகாரி வாசலில் நின்று, "சாப்பிட்டுப் போங்க, சாப்பிட்டுப் போங்க," என்று கேட்டுப் பார்த்தார். அவரைச் சுற்றிக்கொண்டு போனார்கள்.

"என்ன ஆயிற்று இவர்களுக்கு?" என்றார் கலெக்டர். "ஏன் யாரும் சாப்பிடவில்லை? ஒருவர்கூடச் சொல்லிவிட்டுப் போகவில்லையே?"

தாசில்தார் ஜெகவீரன் குரலைத் தாழ்த்திச் சொன்னார். "துக்க வீட்டுல சாப்பிட மாட்டாங்க சார். சொல்லிட்டும் போக மாட்டாங்க."

"இது சமுதாயக் கூடம்."

"இல்ல சார்," என்றார் தாசில்தார்.

கலெக்டர் காலியாகிக்கொண்டிருந்த நாற்காலிகளைப் பார்த்தார், மேசையில் ஒன்றுகூடக் குறையாமல் இருந்த பொட்டலங்களைப் பார்த்தார். 'ஓர் ஆட்சேபம்' என்று எழுதிவைத்திருந்ததைக் கோடு போட்டு அடித்துவிட்டுத் தாளை மடித்துப் பைக்குள் வைத்தார். "ஆலை திறப்பு இப்போது இல்லை. ஊர் முழுக்க ஆட்சேபம் என்று எழுதுங்கள்," என்றார். படியிறங்கும்போது அஞ்சலாட்சி இருந்த பக்கம் பார்த்துக் கும்பிடப் போனவர், என்ன நினைத்தாரோ, கையை இறக்கிக்கொண்டு பேசாமல் போனார்.

கலிவரதன் மகனைத் தோளில் போட்டுக்கொண்டு மனைவி பக்கத்தில் குந்தினான். அவளை எப்படித் தொடுவது என்று மறந்துபோனவனாக முழங்கையைத் தொட்டான்.

"வலிக்குதா?"

"ஆமா நிறைமதியப்பா."

அந்தப் பெயரைக் கேட்டதும் அவன் கை காதுக்குப் பின்னால் போனது. "நானும் கழட்டட்டா?"

"இன்னிக்கு வேணாம்," என்றாள், அழுகைக்கு நடுவே. "பரிதிக்கு ராத்திரி சோறு ஊட்ட ஒரு ஆளு வேணும். நாளைக்கு நான் இருக்கேன். நாளைக்குக் கழட்டு."

அவன் தலையாட்டினான். பிள்ளையைத் தூக்கிக்கொண்டு வீட்டுக்குப் போனான்.

கடைசியாக ஜெனோவா வந்தாள். வயரையெல்லாம் சுற்றி வேனில் ஏற்றிவிட்டு, துக்கம் விசாரிக்க வருகிறவள் எப்படி உட்காரவேண்டுமோ அப்படி எதிரே உட்கார்ந்தாள். அஞ்சலாட்சி இரண்டு கையாலும் அவள் கழுத்தைக் கட்டிக்கொண்டு அழுதாள். தொப்பி நழுவியது. காதுக்குப் பின்னால் விரல் பட்ட இடத்தில், எலும்பின் மேல், சின்னதாக வெதுவெதுப்பாக ஒரு வில்லை இருந்தது.

அஞ்சலாட்சியின் அழுகை நின்றது. "யாருக்கா?"

"பையன்," என்றாள் ஜெனோவா. குரல் அப்போதும் அதிரவில்லை.

"பேரு?"

"ரூபன். ஆறு வயசு. ஆஸ்பத்திரியில ஆக்சிஜன் தீர்ந்துபோச்சு."

"அழவே இல்லியா நீங்க?"

"அழுதா இந்த வேலையெல்லாம் யாரு செய்யறது? ஒவ்வொரு வருசமும் அடுத்த வருசம் கழட்டலாம்னு நெனச்சுக்குவேன்."

அஞ்சலாட்சி அவளை மறுபடி இழுத்து அணைத்துக்கொண்டாள். கம்மிப்போன தொண்டையில் இருந்த கொஞ்சக் குரலையும் கூட்டி, "ரூபா, என் ராசா," என்று தொடங்கினாள். முகம்கூடப் பார்த்திராத அந்தப் பிள்ளைக்காக, பெற்றவள் அழமுடியாத அழுகையை அவள் அழுதாள். ஜெனோவா அவள் தோளில் நெற்றியை வைத்து, கண்ணை மூடாமல், ஒவ்வொரு வார்த்தையையும் கேட்டுக்கொண்டிருந்தாள். ஒரே ஒரு முறை, "அவன ரூபின்னுதான் கூப்பிடுவேன்," என்று திருத்தினாள். அஞ்சலாட்சி ரூபி என்று மாற்றிக்கொண்டு அழுதாள்.

பொழுது இறங்கியதும் ஜெனோவா எழுந்து தொப்பியை மாட்டிக்கொண்டாள். வேன் கிளம்பிப் போனது. அவள் சொல்லிக்கொள்ளவில்லை, அஞ்சலாட்சியும் எதிர்பார்க்கவில்லை.